பொன்னுக்கு வீங்கியும் ஒரு பிரமிடும்

ஒரே ஒரு நாளை வைத்துக்கொண்டு இரண்டு வருஷம் ராஜாவாக வாழ்ந்த மனிதரை நீங்கள் பார்த்திருக்க மாட்டீர்கள். நான் பார்த்திருக்கிறேன். அவருக்கு அடுத்த அறையில் குடியிருந்தேன். அதைவிடக் கொடுமை, அந்த ஒரு நாள் என்னுடையது.

எழுபதுகளின் தொடக்கம். ஜெர்மனியில் ஆஹென் நகரத்து மாணவர் விடுதி. நாலாவது மாடியில் வெளிநாட்டு மாணவர்கள். அதில் பாதிப்பேர் நம்மவர்கள். நானும் அவரும் ஒரே ஜியாலஜி துறையில் ஆராய்ச்சி. எனக்குக் கல்லைவிடக் கல்லைப் பற்றி எழுதுவதில்தான் ஆசை. அப்போதே வசனமா கவிதையா என்று எனக்கே தெரியாத ஏதோ ஒன்றை நோட்டு நோட்டாக எழுதிக்கொண்டிருந்தேன். மழை பெய்தால் எழுதுவேன். ஆஹெனில் எப்போதும் மழை. அவருக்கு எழுத்து வராது. கோவில்பட்டிப் பக்கம். வாயைத் திறந்தால் கரிசல் மண் கொட்டும். அவருடைய சொந்தப் பெயரை அந்த மாடியில் யாரும் சொல்லி நான் கேட்டதில்லை. எல்லாருக்கும் அவர் ‘கைடு’.

அந்தப் பெயர் வந்த கதைதான் என் வயிற்றெரிச்சலின் கதை.

எங்கள் பேராசிரியர் மாணவர்களை மெக்சிகோவுக்கு அழைத்துப்போவதாக ஏற்பாடு. யுகடான் பக்கத்துச் சுண்ணாம்புப் பாறைகளை இரண்டு வாரம் தட்டிப் பார்ப்பது. கடைசி நாள் மட்டும் ஓய்வு. அந்த ஓய்வு நாளுக்கு ஒரு சுற்றுலா: காலையில் மாயர்களின் இடிபாடுகள், மதியம் ஒரு கிராமத்தில் சாக்லேட் அரைப்பது, சாயங்காலம் அந்தப் பக்கத்துச் சாப்பாடு. வெளிநாட்டு மாணவருக்கு ஒரே ஒரு இடம். நானும் அவரும் சீட்டுப் போட்டோம். எனக்கு விழுந்தது.

பேராசிரியர் கொடுத்த சுற்றுலாத் தாளை நான் தலையணைக்கு அடியில் வைத்துத் தூங்கினேன். மாயர்களைப் பற்றி நூலகத்தில் இருந்த எல்லாவற்றையும் படித்தேன். காட்டுக்குள் கல்லாகி நிற்கும் காலம், அதன் மேல் படரும் கொடி, கொடியில் தொங்கும் வெயில் என்றெல்லாம் நாற்பது பக்கம் எழுதிவிட்டேன். போய்ப் பார்த்து வந்தால் முடித்துவிடலாம் என்று கடைசிப் பக்கத்தைக் காலியாக விட்டிருந்தேன்.

கிளம்ப ஐந்து நாள் இருக்கும்போது காதுக்குக் கீழே வலித்தது. மறுநாள் கண்ணாடியில் பார்த்தால் அங்கே நான் இல்லை. ஒரு பரங்கிக்காய் இருந்தது. இருபத்தாறு வயதில் பொன்னுக்கு வீங்கி! ஜெர்மன் டாக்டர் சிரிப்பை அடக்கிக்கொண்டு, இது பச்சைப் பிள்ளைகளுக்கு வருவதாயிற்றே என்றார். விமானத்தில் ஏறக்கூடாது, அறையை விட்டே வெளியே வரக்கூடாது என்று எழுதிக் கொடுத்தார்.

என் அறைக்குள் வரத் துணிந்தவர் ஒருவர்தான்.

“எனக்கு ஆறு வயசுலயே வந்துட்டு வே. இனி வராது,” என்று சொல்லிக்கொண்டே கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தார். தன் கழுத்தில் கிடந்த தங்கச் சங்கிலியைக் கழற்றினார். ஊரிலிருந்து கிளம்பும்போது அவர் அம்மா போட்டுவிட்டது. குளிக்கும்போதுகூடக் கழற்றமாட்டார்.

“என்ன கைவைத்தியமா?”

“பொன்னுக்கு வீங்கிக்குப் பொன்னு போடணும். கழுத்தக் காட்டும். காட்டுததுக்கு உமக்குக் கழுத்து எங்கன இருக்கு? சரி, தாடைக்குக் கீழ எதுவோ அங்கன போடுதேன்.”

போட்டார். ஒரு துண்டை எடுத்துத் தாடையோடு சேர்த்து உச்சந்தலையில் முடிச்சும் போட்டுவிட்டார். பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு, “பேராசிரியர் கேட்டாரு. உம்ம எடத்துல என்னைப் போகச் சொல்லுதாரு,” என்றார்.

வாயைத் திறக்க முடியாதவன் என்ன பதில் சொல்லுவான்? தலையணைக்கு அடியிலிருந்து சுற்றுலாத் தாளை எடுத்து நீட்டினேன். அதை வாங்கிச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டவர், தோளில் தொங்கிய புதுக் கேமராவை எடுத்தார். “பிலிம் ஓடுதான்னு பாக்கணும். ஆடாம இரும்.”

கிளிக்.

கழுத்தில் ஒரு சங்கிலியைப் போட்டுவிட்டு ஒரு மெக்சிகோவைக் கொண்டுபோன ஆளை நான் மன்னித்திருக்க வேண்டும் என்கிறீர்களா? பத்து நாளில் வீக்கம் வடிந்தது. பொறாமை வடியவில்லை.

அவர் திரும்பி வந்த முதல் ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணிக்கு நாலாவது மாடி வராந்தாவில் ஒரு குரல். “எல்லாரும் வரிசையா நில்லுங்க. பஸ் கிளம்பப் போவுது.”

எட்டிப் பார்த்தேன். தலையில் பனையோலைத் தொப்பி போல ஒன்று. கையில் என் சுற்றுலாத் தாள். எதிரே ஏழெட்டுப் பேர் சிரித்துக்கொண்டு நிற்கிறார்கள். அவர் சிரிக்கவில்லை. பெயர்ப்பட்டியலை வாசித்தார். முதல் பெயர் என்னுடையது. கொஞ்ச நேரம் காத்திருந்தார். “வரவேண்டிய ஆளு. வரல. சரி, மேல போவோம்.”

அன்றைக்குத் தொடங்கியது. மாதத்தில் இரண்டு ஞாயிறு, இரண்டு வருஷம். ‘மாயன் டூர்’ என்றால் கொலோனிலிருந்தும் ஆள் வந்தது. ஹம்பேர்க்கிலிருந்து ஒருவர் ராத்திரி ரயில் பிடித்து வந்தார்.

டூரின் முதல் கட்டம் பிரமிடு. அதாவது விடுதி மாடிப்படி. நிஜப் பிரமிடில் ஒரு பக்கத்துக்குத் தொண்ணூற்றொரு படி. எங்கள் விடுதியில் கீழிருந்து மேல்வரை எழுபத்திரண்டுதான். வேறு யாராக இருந்தாலும் ஏறக்குறைய சரி என்று விட்டிருப்பார்கள். கைடு விடமாட்டார். எழுபத்திரண்டும் ஏறிய கூட்டத்தைப் பத்தொன்பது படி கீழே இறக்கி மறுபடியும் ஏற்றுவார். வுப்பர்டாலிலிருந்து வந்திருந்த யாழ்ப்பாணத்துக்காரர் ஒருவர் மூன்றாவது மாடியில் உட்கார்ந்தே விட்டார்.

“அண்ணை, இனி எனக்கு ஏலாது. நான் இதிலையே இருந்து மாயரைப் பாக்கிறன்.”

“அதெல்லாம் ஆகாது. இன்னும் முப்பத்தேழு படி இருக்கு. மேல ஏறுனாத்தான் காடு தெரியும்.”

“மேல ஏறினா உங்கட குசினிதானே அண்ணை தெரியும்?”

“ஏறிப் பாத்துட்டுச் சொல்லும்.”

ஏறினார். மூச்சு வாங்க உச்சியில் எங்கள் சமையலறைக்கு முன்னால் நின்றவருக்குக் கைடு ஜன்னலைத் திறந்துவிட்டார். மழையில் நனைந்த கூரைகள். “கண்ண மூடும். அந்தால பச்சை. அதுக்கு அந்தாலயும் பச்சை. காத்து வந்தா காடு முதுகைச் சொறியும்.” யாழ்ப்பாணத்துக்காரர் கண்ணை மூடிக்கொண்டு, “ஓம், ஓம், தெரியுது,” என்றார். நான் என் அறைக் கதவுக்குப் பின்னால் பல்லைக் கடித்தேன். காடு முதுகைச் சொறியும்! நாற்பது பக்கத்தில் எனக்கு அந்த வரி வரவில்லை.

இரண்டாவது கட்டம் சாக்லேட். ஆஹெனில் ஒரு சாக்லேட் ஆலை இருந்தது. காற்று திரும்பினால் ஊரே மணக்கும். அதன் வாசலில் உடைசல் சாக்லேட்டைப் பை பையாக விற்பார்கள். கைடு தன் கூட்டத்தை அங்கே நடத்திப்போவார். வாங்க விடமாட்டார்.

“நல்லா மோந்து பாத்துக்கிடுங்க. பாத்தாச்சா? இது சாக்லேட் இல்ல. மிட்டாய். வாங்க போவோம்.”

திரும்பி வந்து சமையலறையில் மெக்சிகோவிலிருந்து கொண்டுவந்த கொக்கோ விதையை வாணலியில் வறுப்பார். ஆளுக்குப் பத்து விதை தோலுரிக்க வேண்டும். பிறகு மிளகாய், வெந்நீர். சர்க்கரை கேட்டவரை அவர் பார்க்கும் பார்வையில் சர்க்கரையே கரைந்துவிடும். கடைசியில் ஒரு மரக் கடைசலை எடுத்து உள்ளங்கைகளுக்கு நடுவில் வைத்து நுரை வரக் கடைவார். “பாத்தீங்களா? நம்ம மத்து! கடல் தாண்டிப் போயி அங்கனயும் ஒருத்தி மத்துதான் கடையுதா.”

விதையை அரைக்க அம்மி இல்லை. அதற்கும் வழி கண்டுபிடித்தார். எங்கள் பரிசோதனைச் சாலையில் கல்லைப் பொடி பண்ணுகிற உரல் ஒன்று உண்டு. சனிக்கிழமை அதைத் தூக்கி வருவார். திங்கட்கிழமை கழுவி வைத்துவிடுவார். கழுவியது போதவில்லை. யுகடான் சுண்ணாம்புக் கல்லில் கொழுப்பு இருப்பதாகப் பேராசிரியருக்கு முடிவு வந்தது. மனிதர் தூக்கத்தைத் தொலைத்தார். அந்தக் கொழுப்பு எங்கிருந்து வந்தது என்று கண்டுபிடிக்கும் வேலையை யாரிடம் கொடுத்தார் தெரியுமா? என்னிடம். மூன்று வாரம் நுண்ணோக்கியில் கண்ணை வைத்திருந்துவிட்டு, ஒரு நாள் உரலை மூக்கருகே கொண்டுபோனேன். கமகமவென்று மெக்சிகோ. காட்டிக்கொடுத்திருக்கலாம். கொடுக்கவில்லை. நல்ல மனசு என்று நினைக்காதீர்கள். காட்டிக்கொடுத்தால் அது அவருக்கு இன்னொரு கதையாகப் போய்விடும் என்ற பயம்.

மூன்றாவது கட்டம் சாப்பாடு. அந்தப் பக்கத்தில் பன்றிக்கறியில் சிவப்பு விழுதைத் தடவி, வாழையிலையில் பொதிந்து, குழியில் நெருப்பின் மேல் புதைத்து வேகவைப்பார்களாம். ஆஹெனில் வாழையிலைக்கு எங்கே போவது? முட்டைக்கோஸ் இலை. நாரத்தங்காயின் புளிப்பு வேண்டுமாம். ஊரிலிருந்து வந்த ஊறுகாயைக் கழுவிப் போட்டார். பன்றி சாப்பிடாதவர்களுக்கு ஒரு பொட்டலம் கோழி. எதுவுமே சாப்பிடாதவர்களுக்கு ஒரு பொட்டலம் பூசணி. விடுதிப் புல்வெளியில் குழி தோண்டிப் பொட்டலங்களை இறக்கி மண்ணைத் தள்ளிக்கொண்டிருந்தபோது விடுதிக் காவலர் ஓடிவந்தார். ஹவுஸ்மைஸ்டர் என்று அவரைச் சொல்லுவார்கள். அந்த வளாகத்துக்கு அவர்தான் சட்டம்.

“இங்கே யாரைப் புதைக்கிறீர்கள்?”

“சாப்பாட்டை,” என்றார் கைடு, சுத்தமான ஜெர்மனில்.

“புல்வெளியைத் தோண்ட எழுத்து மூலம் விண்ணப்பம் வேண்டும்.”

அடுத்த டூருக்கு முன்னால் விண்ணப்பம் தயாராக இருந்தது. ‘ஒரு பன்றியின் ஒரு பகுதியை நான்கு மணி நேரம் பூமிக்கு அடியில் வைத்திருக்க அனுமதி கோரி.’ ஹவுஸ்மைஸ்டர் அதைப் படித்து, முத்திரை குத்தி, கோப்பில் சேர்த்தார். மூன்றாவது டூரில் வரிசையின் முதல் ஆளாகத் தட்டோடு அவரே நின்றார். இந்த மண்ணுலகில் என்னைத் தவிர எல்லாரையும் கைடு ஜெயித்துவிட்டார்.

என்னையும் ஜெயித்திருப்பார். குறுக்கே கிளாரா இருந்தாள்.

கிளாரா நாகர்கோவில். கெமிஸ்ட்ரி ஆராய்ச்சி. என் நாற்பது பக்கத்தையும் பொறுமையாகக் கேட்ட ஒரே ஜீவன். படித்து முடித்துவிட்டு அவள் முகத்தையே பார்த்தேன்.

“நல்லாயிருக்கு,” என்றாள். “ரொம்ப நல்லாயிருக்கு. ஆனா கைடு அண்ணன் சொல்லும்போது எனக்குக் கால் வலிக்குது.”

எழுதுகிற எவனுக்கும் இதைவிடக் கூர்மையான கத்தி வேண்டாம். அந்தக் கிளாராதான் இப்போது இந்த வீட்டில் எனக்குக் காபி போட்டுத் தருகிறவள். அந்தக் கத்தியும் இதே வீட்டில்தான் இருக்கிறது.

டூரில் குழிக்குள் கறி வேகிற நேரம் ஸ்லைடு காட்டுகிற நேரம். பொது அறையில் ஜன்னல் திரையை இழுத்துவிட்டு, சுவரில் படம். சுருளில் முப்பத்தாறு. முதல் படத்தில் யார்? நான்தான். துண்டு கட்டிய பரங்கிக்காய், தாடைக்குக் கீழே மின்னும் சங்கிலி. கைடு ஒவ்வொரு தடவையும் அதே குரலில் சொல்லுவார்: “இவருதான் வரவேண்டிய ஆளு.” அறையே குலுங்கும். கிளாராவும்.

மீதி முப்பத்தைந்து படங்களில் ஒரு வேடிக்கை. எல்லாவற்றிலும் கைடு இடது ஓரத்தில் நிற்பார். பிரமிடு நடுவில், அவர் ஓரத்தில் பாதித் தோள் வெட்டுப்பட்டு. சாக்லேட் அரைக்கிற அம்மாளோடு எடுத்த படத்திலும் அப்படித்தான். வலது பக்கம் வெறும் வெயில்.

“ஏன் கைடு, உங்களுக்கும் பிரமிடுக்கும் சண்டையா?” என்று யாராவது கேட்பார்கள்.

“சூரியன் கண்ணுல அடிச்சுது.” அடுத்த தடவை, “அங்கன எறும்புப் புத்து.” அதற்கடுத்த தடவை, “அந்த எடம் வேற ஒருத்தருக்கு ரிசர்வு.” எல்லாரும் சிரிப்பார்கள்.

இங்கே இன்னொரு படத்தைச் சொல்லியாக வேண்டும். மெக்சிகோவுக்கெல்லாம் முந்தைய வருஷம் கும்பகோணத்தில் என் தங்கை கல்யாணம். என்னால் போக முடியவில்லை. ஆனால் குடும்பப் படத்தில் நான் இருந்தேன். நம் ஊர் ஸ்டுடியோக்காரர்கள் செய்வது தெரியுமே: வெளியூரில் இருக்கிற பிள்ளையின் பழைய போட்டோவை வெட்டி, கல்யாணக் கும்பலில் ஒட்டி, மறுபடி படம் எடுத்துக் கொடுத்துவிடுவார்கள். அம்மா அதை எனக்கு அனுப்பியிருந்தாள். கைடு பரிசோதனைச் சாலைப் பூதக்கண்ணாடியை வைத்து அரை மணி நேரம் அந்தப் படத்தைப் பார்த்தார்.

“ஒட்டுனவன் கெட்டிக்காரன். ஆனா இவ்வளவு பேரு நெருக்கி நிக்காவளே, நீரு எங்கன நிப்பீரு? மாப்பிள்ளை தோள்ல ஏறில்லா நிக்கீரு! உமக்குன்னு ஒரு எடம் விட்டுருக்கணும் வே.”

அதற்கும் சிரித்தேன். பிறகு மறந்தும் போனேன். பொறாமைக்காரனுக்கு ஞாபகம் வேண்டிய இடத்தில் வேலை செய்யாது.

இரண்டாவது வருஷக் கடைசியில் ஒரு ஞாயிறு. பொது அறை நிரம்பி வழிகிறது. சுவரில் என் வீங்கிய முகம். வழக்கமான சிரிப்பு. பேராசிரியரே வந்து உட்கார்ந்து தொடையில் தட்டிச் சிரிக்கிறார். முந்தின நாள்தான் என் நாற்பது பக்கத்தை ஒரு பத்திரிகை திருப்பி அனுப்பியிருந்தது. கிளாரா எனக்கு முன் வரிசையில், கண்ணில் நீர் வரச் சிரிக்கிறாள்.

எழுந்து நின்றேன்.

“கைடு, ஒரு சந்தேகம். மெக்சிகோ டூர் லிஸ்ட்ல இருந்தது யாரு பேரு?”

“உம்ம பேருதான்.”

“அங்க அவங்க என் பேரைக் கூப்பிட்டப்போ கையைத் தூக்கினது யாரு?”

“நாந்தான்.”

“அப்போ அந்த நாள் என்னோடது. நீங்க திருடிட்டு வந்தீங்க. ரெண்டு வருஷமா அதையே வித்துக்கிட்டிருக்கீங்க. ஏன் எல்லாப் படத்துலயும் ஓரத்துல நிக்கிறீங்கன்னு கேக்கிறாங்களே, நான் சொல்றேன். திருடன் ஓரமாத்தான் நிப்பான்.”

கைடு ஸ்லைடு கருவியை நிறுத்தினார். விளக்கைப் போட்டார். விரலை நீட்டிக் கூட்டத்தில் தலைகளை எண்ணினார். என்னையும் சேர்த்து எண்ணினார்.

“எல்லாரும் பத்திரமா வந்துட்டாவ. டூர் முடிஞ்சுது.”

குழிக்குள் இருந்த கறியை ஹவுஸ்மைஸ்டர்தான் தனியாகத் தோண்டி எடுத்தார்.

அதோடு டூர் நின்றுபோனது. அடுத்த ஞாயிறு பத்து மணிக்கு வராந்தாவில் சத்தமே இல்லை. நான் ஆசைப்பட்ட அமைதி அதுதான். அதற்குள் உட்கார்ந்து எழுத முயன்றேன். காகிதமும் என்னோடு பேசவில்லை. கிளாரா மட்டும் வந்து பேசினாள்.

“இத்தனை டூர்லயும் அவரு முதல்ல யாரு பேரைக் கூப்பிட்டாரு?”

“கேலி பண்ணத்தான்.”

“கேலி பண்றவங்க கூப்பிட்டுட்டுக் காத்துக்கிட்டு நிக்கமாட்டாங்க.”

ஒரு மாதத்தில் கைடு ஆராய்ச்சியை முடித்து ஊருக்குக் கிளம்பினார். மன்னிப்புக் கேட்க நாலு அடி நடந்தால் போதும், பக்கத்து அறை. அந்த நாலு அடியை நான் நடக்கவில்லை. எல்லாரும் ஸ்டேஷனுக்குப் போன சமயம் நான் பரிசோதனைச் சாலையில் அந்த உரலைத் தேய்த்துத் தேய்த்துக் கழுவிக்கொண்டிருந்தேன். வாசனை போகவே இல்லை.

ஆறு வருஷம் ஓடியது. நான் சென்னைக்கு வந்து, கிளாராவைக் கல்யாணம் செய்து, கல்லையும் எழுத்தையும் மாற்றி மாற்றி உடைத்துக்கொண்டிருந்தபோது ஒரு நாள் கோவில்பட்டியிலிருந்து தடிமனான உறை ஒன்று வந்தது. இரண்டு அட்டைகளுக்கு நடுவில் ஒரு படம்.

பிரமிடு. இடது ஓரத்தில் கைடு. வலது ஓரத்தில், இரண்டு வருஷம் வெறும் வெயிலாக இருந்த இடத்தில், நான்.

வீங்கிய முகத்தோடு. தாடையில் கட்டிய துண்டோடு. சங்கிலியோடு. கட்டிலில் உட்கார்ந்திருந்தபோது எடுத்த படம் என்பதால் இடுப்புக்குக் கீழே எனக்கு உடம்பு இல்லை. ஸ்டுடியோக்காரர் தாமாகவே கரை வைத்த வேட்டியும் பளபளக்கும் ஷூவும் வரைந்து சாயம் பூசியிருந்தார். மாயர்களின் பிரமிடுக்கு முன்னால் மாப்பிள்ளைக் கோலத்தில் ஒரு பரங்கிக்காய். நிழல்கூட ஒரே பக்கமாக விழுந்திருந்தது.

கூடவே ஒரு கடிதம். எழுத்து வராத மனிதர் பேசுகிற மாதிரியே எழுதியிருந்தார்.

‘நீரு கேட்ட கேள்விக்குப் பதில் இது. அன்னைக்கே சொல்லிருப்பேன். கையில படம் இல்லாம சொன்னா வாய்ப்பேச்சாப் போயிரும். அங்கன கூட வந்த செருமன் பையன் நடுவுல நில்லு நடுவுல நில்லுன்னு உசிர எடுத்தான். ஒரு ஆளு வரவேண்டியது இருக்குன்னு சொல்லிட்டேன். செருமனியில ராக்கெட் செய்யத் தெரிஞ்சவன் இருக்கான், ஒட்டத் தெரிஞ்சவன் ஒருத்தன் இல்ல. நானும் இருட்டறையில இருபது தடவை ஒட்டிப் பாத்தேன், உம்ம தலை பிரமிடை மறைச்சுட்டு. நம்ம ஊரு ஸ்டுடியோக்காரரு மூணு மாசம் எடுத்துக்கிட்டாரு. வீங்காத படம் ஒண்ணு குடுங்கன்னு கேட்டாரு. அது பொய்யாப் போயிரும்லா? அன்னைக்குத் தேதியில நீரு இப்படித்தான் இருந்தீரு.’

கிளாரா என் தோளுக்கு மேலாகப் படத்தைப் பார்த்தாள். வழக்கம்போலச் சிரிப்பாள் என்று காத்திருந்தேன். சிரிக்கவில்லை. “தொண்ணூத்தொரு படி ஏறிட்டீங்க,” என்றாள்.

காலியாக விட்டிருந்த அந்தக் கடைசிப் பக்கத்தை நான் இன்னும் எழுதவில்லை. படத்தை அதில் ஒட்டி வைத்திருக்கிறேன். இப்போதும் பொறாமை இருக்கிறது. இல்லையென்று சொன்னால் அவரே நம்பமாட்டார். நாற்பது பக்கத்தில் நான் செய்ய முடியாததை ஓரமாக நகர்ந்து நின்றே செய்துவிட்ட மனிதர்மேல் எப்படிப் பொறாமைப்படாமல் இருப்பது?

கல்யாண வீடுகளில் படம் எடுக்கும்போது கிளாரா என்னைக் கடிந்துகொள்கிறாள். “நடுவுல வந்து நில்லுங்களேன், பாவம், படம் எடுக்கிறவரு எத்தனை தடவை சொல்லுவாரு!” நான் நகர்வதில்லை. இடது ஓரமாகவே நிற்கிறேன். வரவேண்டிய ஆள் ஒருவர் இருக்கிறார்.